கிரேக்க தேசத்தின் மலைகளும் அவற்றின் நீரும்

கிரேக்க தேசத்தின் பூகோளப் படத்தை விரித்து வைத்துக்கொண்டு, சமவெளியைக் குறிக்கும் பச்சை நிறம் அதில் எங்கெங்கே தீட்டப்பட்டிருக்கிறது என்று தேடுகிறவர், வடக்கே மாசிடோனியாவின் கரையோரத்திலும் திரேஸிலும், நடுவே தெஸ்ஸாலியிலும் ஓரளவுக்கு அதைக் காண்பார். மற்றப் பிரதேசங்களில் எல்லாம் கடல் முடிகிற இடத்திலேயே மலை தொடங்கிவிடுகிறது. ஏறத்தாழ 1,32,000 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள அந்நாட்டில் ஐந்தில் நான்கு பங்கு மலையும் மலைசார்ந்த மேடுமே என்பது பொதுவாக ஒப்புக்கொள்ளப்பட்ட கணக்கு. ஆனால் உயரத்தை மட்டும் வைத்துப் பார்த்தால் அம்மலைகளுக்கு உலகில் பெரிய ஸ்தானம் ஒன்றும் இல்லை. தேவர்களின் வாசஸ்தலம் என்று புராணம் புகழும் ஒலிம்பஸின் தலையாய சிகரமே 2,917 மீட்டர்தான். ஆல்ப்ஸ் மலையின் மோன் பிளாங்க் 4,800 மீட்டருக்கு மேல் நிற்கிறது. பெரிய பனியாறு ஒன்றுகூட இன்று கிரீஸில் இல்லை. அப்படியிருந்தும், உலகத்தில் வேறெந்த நாட்டின் சரித்திரத்தை எழுதப் புகுந்தவர்களும் முதல் அத்தியாயத்தில் மலையைப் பற்றி இவ்வளவு பேசியதில்லை.

அவர்கள் பேசுவதன் சாரம் இது: மலைகள் சுவர்களாக நின்று பள்ளத்தாக்குகளைத் தனித்தனியே பிரித்தன, பிரிந்த பள்ளத்தாக்கு ஒவ்வொன்றிலும் ஒரு நகர ராஜ்யம் முளைத்தது, ஆகவே கிரேக்கர்கள் ஒரே பாஷையையும் ஒரே தெய்வங்களையும் உடையவர்களாக இருந்தும் ஒரே அரசின் கீழ் வரவில்லை. பள்ளிக்கூடப் புஸ்தகங்களின் வாயிலாக நம் காதில் பலமுறை விழுந்திருக்கும் இந்த அபிப்பிராயம் எந்த அளவுக்கு உண்மை என்று பார்ப்பதும், அதற்கு முன்னால் அம்மலைகள் உண்மையில் எப்படிப்பட்டவை, எங்கே எப்படி அமைந்தவை என்று வரிசையாகச் சொல்வதுமே இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் இவற்றின் உற்பத்தியைக் கவனிப்போம். இன்று மத்தியதரைக் கடல் இருக்கும் பாகத்தில் பூர்வ யுகங்களில் டெத்திஸ் என்று சாஸ்திரிகள் பெயரிட்டிருக்கும் பெருங்கடல் ஒன்று இருந்தது. அதன் அடித்தரையில் சிப்பிகளும் நுண்ணுயிர்களின் ஓடுகளும் கோடிக்கணக்கான ஆண்டுகள் படிந்து படிந்து சுண்ணாம்புக் கல்லாக இறுகின. பிறகு ஆப்பிரிக்காவின் நிலத்தட்டு வடக்கே நகர்ந்து ஐரோப்பாவை நெருக்கியபோது, அக்கல்லடுக்குகள் மடிந்தும் முறிந்தும் ஒன்றன்மேல் ஒன்று ஏறியும் மலைகளாக எழுந்தன. ஆகையால்தான் பிண்டஸ் முதலிய முக்கிய வரிசைகள் எல்லாம் வடமேற்கிலிருந்து தென்கிழக்காக, ஒன்றுக்கொன்று ஏறக்குறைய இணையாக ஓடுகின்றன. அதோடு காரியம் முடிந்துவிடவில்லை. பிற்காலத்தில் அதே பூமி தெற்கு நோக்கி இழுபட்டு விரியத் தொடங்கியது; விரிந்த இடங்களில் நிலம் பாளம் பாளமாகக் கீழே இறங்க, அந்தப் பள்ளங்களில் கடல் புகுந்துகொண்டது. கொரிந்து வளைகுடா அவ்வாறு பிறந்ததே. அதன் இரு கரைகளும் இன்றைக்கும் ஆண்டுக்கு ஒரு சென்டிமீட்டருக்குக் குறையாமல், சில பகுதிகளில் அதற்கும் மேலாகவே, விலகிக்கொண்டிருக்கின்றன. கி.மு. 373-இல் அக்கரையிலிருந்த ஹெலிகே என்னும் நகரம் ஒரே இரவில் பூகம்பத்தாலும் கடலாலும் அழிந்துபோனதற்கும், கி.பி. 365-இல் நேர்ந்த மகா பூகம்பத்தில் கிரீட் தீவின் மேற்குக் கரை சில இடங்களில் 9 மீட்டர் வரை தூக்கி நிறுத்தப்பட்டதற்கும் மூலகாரணம் இந்த நிலத்தட்டுகளின் இயக்கமே. மடித்து எழுப்பிய சக்தியும் பிளந்து இறக்கிய சக்தியும் சேர்ந்து வேலை செய்ததால்தான் மலையும் கடலும் அந்நாட்டில் இவ்வளவு நெருக்கமாகக் கலந்து கிடக்கின்றன. ஈஜியன் கடலில் சிதறியிருக்கும் தீவுகளில் பெரும்பாலானவை நீரில் ஆழ்ந்துபோன மலைகளின் தலைகளே. மேதானா, மிலோஸ், சாந்தோரினி, நிஸிரோஸ் ஆகிய எரிமலைகள் மட்டும், அடியில் புதைந்து இறங்கும் ஆப்பிரிக்கத் தட்டிலிருந்து வெளியேறும் நீரால் மேலுள்ள பாறை உருகியதன் விளைவாக ஒரு வில்லைப் போன்ற வரிசையில் பிறந்தவை.

வடக்கே அல்பேனிய எல்லையிலிருந்து தெற்கே கொரிந்து வளைகுடாவின் அருகு வரையில் தேசத்தின் முதுகெலும்பாக நீளும் பிண்டஸை முதலாவதாகச் சொல்லவேண்டும். ஒலிம்பஸுக்கு அடுத்தபடியான உயரமுள்ள ஸ்மோலிகாஸ், 2,637 மீட்டர், இந்த வரிசையைச் சேர்ந்தது. அதன் பாறை சுண்ணாம்புக்கல் அன்று. பழைய சமுத்திரத்தின் அடித்தரையாக இருந்த கரும்பச்சைப் பாறையே மேலே தள்ளப்பட்டு அங்கே சிகரமாக நிற்கிறது. அதற்குத் தெற்கே சிறிது தூரத்தில் உள்ள திம்ஃபியோ வெளிறிய சுண்ணாம்புக்கல் மலை. அதை அறுத்துக்கொண்டு செல்லும் விக்கோஸ் பள்ளத்தாக்கு, செங்குத்தான சுவர்களோடு பல நூறு மீட்டர் ஆழம் இறங்குகிறது. எல்லையோரத்துக் கிராமோஸ், தெற்கே ஜூமெர்கா, அதற்கும் தெற்கே வர்துசியா, கியோனா ஆகியவை எல்லாம் 2,400 மீட்டரைத் தாண்டியவை. மேற்கிலிருந்து வரும் மேகங்கள் இந்த நெடுமதிலில் மோதித் தம் நீரையெல்லாம் மேற்குச் சரிவிலேயே கொட்டிவிடுகின்றன. அதனால் பிண்டஸுக்கு மேற்கே உள்ள யானினா நகரம் ஆண்டுக்கு 1,000 மில்லிமீட்டருக்கு மேல் மழை பெற, கிழக்கே உள்ள ஆதென்ஸ் நகரத்துக்கு 400 மில்லிமீட்டர் அளவே கிடைக்கிறது. அகிலோஸ், ஆரக்தோஸ், அவோஸ், பீனியஸ் என்னும் நான்கு நதிகளும் இம்மலையின் நடுப்பகுதியில், மெட்ஸோவோ என்னும் ஊரைச் சுற்றி, ஒன்றுக்கொன்று அதிக தூரமில்லாத இடங்களில் பிறந்து வெவ்வேறு திசைகளில் பிரிந்து செல்கின்றன.

அந்தப் பீனியஸ் நதி தெஸ்ஸாலியின் வடமேற்கு மூலையில் சமவெளியை எட்டும் இடத்தில் மெத்தியோராவின் பாறைத் தூண்கள் நிற்கின்றன. பழங்காலத்து ஆறு ஒன்று கொண்டுவந்து குவித்த கூழாங்கற்கள் இறுகி, பின்னர் நீராலும் காற்றாலும் செதுக்கப்பட்டு உருவான அத்தூண்களின் உச்சிகளில் மத்திய காலத்துத் துறவிகள் 24 மடாலயங்களை நிறுவினர். அவற்றில் 6 இன்றும் இயங்குகின்றன.

தெஸ்ஸாலியின் கிழக்கு எல்லையில் ஒலிம்பஸ், ஓஸா, பீலியன் என்னும் மூன்று மலைகள் கடலோரமாக வரிசை கட்டி நிற்கின்றன. ஓடஸ், எஃபியால்டீஸ் என்னும் அசுர சகோதரர்கள் வானத்தை எட்டுவதற்காக ஒலிம்பஸின்மேல் ஓஸாவையும் ஓஸாவின்மேல் பீலியனையும் அடுக்க முனைந்தார்கள் என்ற கதை, அந்தச் சமவெளியிலிருந்து இம்மூன்றையும் ஒருசேரப் பார்த்துப் பழகியவர்களின் கற்பனையில்தான் உதித்திருக்க முடியும். ஒலிம்பஸுக்கும் ஓஸாவுக்கும் இடையே பீனியஸ் நதி கடலுக்கு வழி கண்டுபிடித்த குறுகிய இடுக்கே டெம்பிப் பள்ளத்தாக்கு. ஒலிம்பஸின் கம்பீரம் அதன் உயரத்தைவிட அதன் நிலையைப் பொறுத்தது: 20 கிலோமீட்டருக்கும் குறைந்த தூரத்துக்குள் கடல்மட்டத்திலிருந்து நேரே 2,900 மீட்டர் எழும்பி நிற்கும் மலை அது. மிடிகாஸ் என்னும் அதன் உச்சியை மனிதர் அடைந்ததாகத் தெரிகிற முதல் ஏற்றம் வெகு சமீப காலத்தது. 1911-இல் அங்கே ஏற முயன்ற ஒரு ஜெர்மானியப் பொறியாளரைக் கொள்ளைக்காரர்கள் சிறைப்பிடித்து வைத்திருந்தார்கள். அப்போது அம்மலை துருக்கியர் ஆட்சியில், எல்லைப் பிரதேசமாக இருந்தது. 1912-இல் பால்கன் யுத்தத்தில் அது கிரீஸின் வசமான பிறகு, 1913 ஆகஸ்ட் 2-ஆம் தேதி, ஃப்ரெடெரிக் புவாஸோனாஸ், டானியல் போ-போவி என்னும் இரண்டு சுவிட்ஸர்லாந்துக்காரர்களும், அவர்களுக்கு வழிகாட்டியாகச் சென்ற கிறிஸ்டோஸ் காகாலோஸ் என்னும் உள்ளூர் வேட்டைக்காரரும் உச்சியில் கால் வைத்தனர். தேவர்கள் வாழ்வதாக ஆயிரக்கணக்கான ஆண்டுகள் நம்பப்பட்ட சிகரத்தை மானிடர் எட்டியது, அயல்நாட்டாரின் ஆர்வத்தாலும் மலைக்குரியவரின் அனுபவத்தாலும் கைகூடிய காரியம். 1938-இல் ஒலிம்பஸும் பர்னாஸஸும் தேசியப் பூங்காக்களாயின.

மத்திய கிரீஸில் பர்னாஸஸ், 2,457 மீட்டர், டெல்ஃபி ஆலயத்தின் தலைக்கு மேலே எழுந்து நிற்கிறது. அதையும் அதன் மேற்கே உள்ள கியோனாவையும் சுற்றி அலுமினியத் தாதுவாகிய பாக்ஸைட் வெட்டி எடுக்கப்படுகிறது. வடக்கே ஈட்டா, கல்லித்ரோமோன் மலைகள் கடலை நெருங்கும் இடத்தில் தெர்மாபிலே கணவாய் இருக்கிறது. ஸ்பெர்க்கியோஸ் நதியின் வண்டல் கரையை வெகுதூரம் தள்ளிக்கொண்டு போய்விட்டபடியால், கி.மு. 480-இல் ஸ்பார்ட்டாவின் அரசன் லியோனிடாஸ் பாரசீகரை மறித்து நின்ற குறுகிய வழி இன்று அகன்ற வயல்வெளியாகக் கிடக்கிறது. ஆதென்ஸைச் சூழ்ந்த மலைகள் உயரத்தில் சிறியவை, பயனில் பெரியவை: ஹிமெட்டஸ் தேனுக்கும், பெண்டெலி வெண்சலவைக் கல்லுக்கும் பெயர் பெற்றன, பார்த்தெனான் பெண்டெலியின் கல்லால் எழுந்ததே. அட்டிகாவின் தென்கோடியில் உள்ள லாவ்ரியன் குன்றுகளின் வெள்ளி, சலாமிஸ் கடற்போரில் பாரசீகரை வென்ற கப்பல்களைக் கட்டுவதற்குப் பணமாயிற்று. வடக்கே கால்கிடிகி தீபகற்பத்தின் மூன்று விரல்களில் ஒன்றின் நுனியில் கடலிலிருந்து நேரே 2,033 மீட்டர் எழும் ஆதோஸ் மலையோ, கி.பி. 963-இல் மகா லாவ்ரா மடம் நிறுவப்பட்டது முதல் இன்று வரை துறவிகளின் தனி ராஜ்யமாக 20 மடங்களோடு விளங்குகிறது.

பெலப்பனேசஸ் தீபகற்பம் முழுவதுமே ஒரு மலைக்கோட்டை. வடக்கு விளிம்பில் கில்லினி, கெல்மோஸ், எரிமந்தோஸ் மூன்றும் 2,200 மீட்டருக்கு மேற்பட்டவை. கெல்மோஸின் பாறைச் சுவரிலிருந்து விழும் மெல்லிய அருவியைத்தான் பண்டையோர் பாதாள நதியாகிய ஸ்டிக்ஸ் என்று கருதினர். நடுவே ஆர்க்கேடிய மேட்டுநிலம். தெற்கே ஸ்பார்ட்டாவின் சமவெளிக்கு மேற்கில் 2,400 மீட்டரைத் தாண்டும் டேகெட்டஸும் கிழக்கில் பார்னோனும் இரண்டு நீண்ட கைகளாகக் கடலுக்குள் இறங்குகின்றன. கடலைக் கடந்து கிரீட் தீவுக்குச் சென்றால் வெண்மலைகள், ஐடா, டிக்டி என்று மூன்று மலைத்தொகுதிகளைக் காணலாம். ஐடாவின் உச்சி 2,456 மீட்டர், வெண்மலைகளின் உச்சி 2,453 மீட்டர் என்று இரண்டும் மூன்றே மீட்டர் வித்தியாசத்தில் போட்டியிடுகின்றன. ஓமலோஸ் மேட்டுநிலத்தில் தொடங்கி லிபியக் கடலில் முடியும் சமாரியா மலையிடுக்கு, நடந்து கடப்பவர்களுக்கு 16 கிலோமீட்டர் வழி.

இனி நாம் எடுத்துக்கொண்ட கேள்விக்கு வருவோம். மலைச்சுவர்களே கிரேக்க நகர ராஜ்யங்களைப் பிரித்தன என்பது மெய்யானால், மலை உயர்ந்த இடத்தில் பிரிவு வலுத்தும், மலையில்லாத இடத்தில் ஒற்றுமை வளர்ந்தும் இருக்கவேண்டும். சரித்திரமோ பல இடங்களில் இதற்கு நேர் எதிரான சாட்சியைத் தருகிறது. கிரீஸின் மிகக் கடுமையான மலைச்சுவர்களில் ஒன்றாகிய டேகெட்டஸைத் தாண்டிச் சென்று மெஸ்ஸேனியாவை அடிமைப்படுத்திய ஸ்பார்ட்டர்கள், தீப்ஸின் தளபதி எபமினோண்டாஸ் வந்து கி.மு. 369-இல் மெஸ்ஸேனே நகரத்தை நிறுவும் வரையில், முந்நூறு ஆண்டுகளுக்கு மேலாக அதை ஆண்டார்கள்; 2,400 மீட்டர் உயரம் அவர்களைத் தடுக்கவில்லை. மாறாக, பியோஷியாவில் தீப்ஸும் ஓர்கோமெனஸும் ஒரே கோப்பாயிஸ் ஏரிப்பள்ளத்தின் ஓரங்களில், நடுவே மலை ஏதுமின்றி இருந்தும், தலைமுறை தலைமுறையாகப் பகைத்து, கடைசியில் தீப்ஸ் ஓர்கோமெனஸை அழித்தே விட்டது. ஆர்க்கேடியாவில் மாண்டினேயாவும் தெகேயாவும் ஒரே சமவெளியைப் பங்கிட்டுக்கொண்ட நகரங்கள். அவற்றைப் போல் ஓயாது சண்டையிட்ட அண்டை நகரங்களைக் காண்பது அரிது. தெர்மாபிலேயிலும் மலை பாரசீகரை நிறுத்தவில்லை. அதன்மேல் ஆட்டுக்காரர்களுக்குத் தெரிந்த ஒரு பாதை இருந்தது, அதை ஒருவன் காட்டிக்கொடுத்தான், அவ்வளவுதான். சுவர் என்ற கொள்கை இத்தனை விதிவிலக்குகளைத் தாங்காது.

அப்படியானால் மலைக்குச் சரித்திரத்தில் பங்கே இல்லையா என்றால், உண்டு. ஆனால் அதை உயரத்தில் தேடுவதைவிடக் கல்லில் தேடுவதே தகும் என்பது என் அபிப்பிராயம். சுண்ணாம்புக்கல் மழைநீரில் மெல்ல மெல்லக் கரையும் கல். அதன்மேல் விழுந்த மழை ஓடையாக ஓடுவதற்கு முன்பே வெடிப்புகளின் வழியாக உள்ளே இறங்கி, குகைகளிலும் பிலங்களிலும் கண்ணுக்குத் தெரியாமல் பயணம் செய்து, மலையடிவாரத்திலோ கடற்கரையிலோ வற்றாத ஊற்றாக வெளிப்படுகிறது. மேலே வெறும் பாறை, கீழே திடீரென்று ஒரு ஜீவநதியின் தொடக்கம் என்பதே கிரேக்க மலையின் இயல்பு. எங்கே ஊற்று வெளிப்பட்டதோ அங்கே ஊர் அமைந்தது. அந்த ஊற்று நனைத்த மண் எவ்வளவோ அவ்வளவே அவ்வூரின் ராஜ்யம். டெல்ஃபிக்கு ஒரு கஸ்தாலியா, கொரிந்துக்கு ஒரு பெய்ரெனே என்று ஒவ்வொரு நகரமும் தன் ஊற்றைத் தெய்வமாகக் கொண்டாடியதில் வியப்பில்லை. பல சிறு நகரங்கள் தோன்றியதற்கு, நடுவே நின்ற சுவர்களைக் காட்டிலும், சிதறிக் கிடந்த ஊற்றுகளே பொருத்தமான காரணம்.

சண்டைக்கும் அதுவே காரணமாயிற்று. ஆர்க்கேடியாவின் மூடிய பள்ளங்களுக்குக் கடலை நோக்கிய வாய்க்கால் இல்லை; மாரிக்கால வெள்ளம் முழுவதும் பாறையில் இயற்கையாக அமைந்த விழுங்குகுழிகளின் வழியேதான் வடியவேண்டும். குழி அடைத்துக்கொண்டால் வயல் ஏரியாகிவிடும். ஆகவே, வெள்ளத்தை யார் பக்கம் திருப்புவது என்பதே மாண்டினேயாவுக்கும் தெகேயாவுக்கும் நெடுநாள் வழக்கு. கி.மு. 418-இல் ஸ்பார்ட்டாவின் அரசன் ஆகிஸ், எதிரிகளைச் சமவெளிக்கு இறக்குவதற்காகத் தண்ணீரை மாண்டினேயாவின் பக்கம் திருப்பியதையும், அந்தத் தண்ணீரைப் பற்றித்தான் இரு நகரத்தாரும் போர் புரிவது வழக்கம் என்பதையும் பண்டைய சரித்திராசிரியர் தூசிடிடீஸ் எழுதியிருக்கிறார். கி.மு. 385-இல் ஸ்பார்ட்டர்கள் மாண்டினேயாவின் ஊடே ஓடிய ஆற்றையே அணைகட்டி நிறுத்தி, பச்சைச் செங்கல்லால் ஆன அதன் மதில்களைக் கரைத்து வீழ்த்தினார்கள். கோப்பாயிஸின் கதையும் இத்தகையதே. கி.மு. இரண்டாம் ஆயிரத்தாண்டில் ஓர்கோமெனஸைச் சூழ்ந்த பண்டைய மக்கள் கரைகளும் கால்வாய்களும் அமைத்து நீரை விழுங்குகுழிகளுக்குச் செலுத்தி அந்தப் பரந்த சதுப்பை விளைநிலமாக்கினர். அவ்வமைப்பு பாழானதும் ஏரி திரும்பி வந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் தொடங்கி 1930-களின் தொடக்கம் வரை நடந்த வேலைக்குப் பிறகே அது மறுபடியும் வயலாயிற்று. ஸ்டிம்ஃபாலியா ஏரியில் மறையும் நீர் மலைகளுக்கு அடியில் சென்று ஆர்கோஸ் அருகே ஊற்றாக எழுகிறது என்ற நம்பிக்கையைச் சரித்திராசிரியர் ஹெரடோட்டஸ் குறிப்பிட்டிருக்கிறார். பின்னாளில் ரோமச் சக்கரவர்த்தி ஹேட்ரியன் அதே ஸ்டிம்ஃபாலியாவிலிருந்து கொரிந்து வரை நெடுங்கால்வாய் ஒன்றை அமைத்தார்.

மலை ஜனங்களைப் பிரித்தது என்பதற்கு மாறாக, அது சேர்த்தது என்பதற்கும் சான்றுகள் குறைவில்லை. பிண்டஸில் வாழ்ந்த விளாக் மக்களும் சரகத்சானி இடையர்களும் கோடையில் ஆட்டுமந்தைகளோடு உயர்ந்த மேய்ச்சல் நிலங்களுக்கு ஏறி, குளிர்காலத்தில் தெஸ்ஸாலிக்கும் கடலோரச் சமவெளிகளுக்கும் இறங்குவதை வாழ்க்கை முறையாகக் கொண்டிருந்தனர். அவர்களுக்கு மலை இரண்டு வீடுகளை இணைக்கும் பாதை. ஏறத்தாழ 1,700 மீட்டர் உயரமுள்ள கட்டாரா கணவாயைக் காத்துக் கொடுத்ததற்காக மெட்ஸோவோ மக்கள் துருக்கிய ஆட்சியில் வரிச்சலுகைகள் பெற்று, வியாபாரத்தில் செழித்தனர். அக்காலத்தில் சமவெளியின் வரிச்சுமைக்கும் மலேரியாவுக்கும் அஞ்சிய ஜனங்கள் மேட்டுக்கு ஏறியதால், பொதுவாக வறண்டதென்று எண்ணப்படும் மலைநாடு மக்கள் நிறைந்ததாக இருந்தது. 1821-இல் எழுந்த சுதந்திரப் போருக்கு ஆயுதப் பயிற்சியுள்ள வீரர்களைத் தந்ததும் அந்த மலைநாடே. 1940-இல் படையெடுத்த இத்தாலியர் பிண்டஸில்தான் முறியடிக்கப்பட்டனர். 1949-இல் உள்நாட்டுப் போரின் கடைசிச் சண்டைகள் கிராமோஸில் நடந்தன. அப்போர்களுக்குப் பிறகு மலைக்கிராமங்களிலிருந்து மக்கள் நகரங்களுக்கும் வெளிநாடுகளுக்கும் இறங்கிச் செல்ல, பல ஊர்கள் கிழவர்களின் ஊர்களாகிவிட்டன.

இன்று சுவர் என்ற உருவகத்துக்கு எஞ்சியிருந்த இடமும் போய்விட்டது. 2009-இல் பூர்த்தியான எக்னேஷியா நெடுஞ்சாலை, இகூமெனிட்ஸாவிலிருந்து துருக்கிய எல்லை வரை 670 கிலோமீட்டர், பிண்டஸைச் சுரங்கங்களாலும் பாலங்களாலும் துளைத்துச் செல்கிறது. கட்டாரா கணவாயில் பனி மூடினாலும் போக்குவரத்து நிற்பதில்லை. மலையால் பிரிவு நேர்ந்தது என்றால், அந்தக் காரணம் நீங்கியவுடன் மலையின் முக்கியத்துவமும் நீங்கியிருக்கவேண்டும். அது நீங்கவில்லை என்பதற்கு ஆதென்ஸ் நகரமே அத்தாட்சி. தேசத்தின் ஜனத்தொகையில் மூன்றில் ஒரு பங்கினர் அம்மாநகரையும் அதன் சுற்றுப்புறத்தையும் அண்டி வாழ்கிறார்கள். 1929-இல் கட்டி முடிந்த மாரதோன் அணையின் நீர் அவர்களுக்குப் போதாமற் போகவே, கியோனா, வர்துசியா மலைகளின் நீரைத் தேக்கும் மோர்னோஸ் அணை எழுப்பப்பட்டு, ஏறத்தாழ 190 கிலோமீட்டர் நீளமுள்ள கால்வாயின் வழியாக அந்நீர் தலைநகருக்குக் கொண்டுவரப்படுகிறது. ஒவ்வோர் ஊரும் தன் தலைக்கு மேல் நின்ற மலையின் ஊற்றை நம்பி வாழ்ந்த பண்டைய ஏற்பாடு மறைந்து, நெடுந்தொலைவில் உள்ள இரண்டு மலைகளை நம்பி ஒரு பெருநகரம் வாழும் புதிய ஏற்பாடு வந்திருக்கிறதே தவிர, நம்பிக்கையின் ஆதாரம் மாறவில்லை.

ஆகவே, கிரேக்க நகர ராஜ்யங்கள் சிதறிக் கிடந்ததற்கு மலைகளின் உயரத்தைக் காரணமாகக் காட்டும் பழைய கொள்கையைப் பாதி உண்மை என்றே கொள்ளவேண்டும்: மலைதான் காரணம், உயரமன்று. தாண்டிச் செல்லத்தக்க நடுத்தர மலைகளாக இருந்ததனால் அவை படைக்கும் மந்தைக்கும் வியாபாரத்துக்கும் வழிவிட்டன. சுண்ணாம்புக்கல் மலைகளாக இருந்ததனால் நீரை ஒரே பெருநதியாகத் திரட்டித் தராமல் நூறு ஊற்றுகளாகப் பிரித்துத் தந்தன. நைல் போன்ற மகாநதியின் கரையில் ஒரே அரசும், நூறு ஊற்றுகளின் ஓரத்தில் நூறு அரசுகளும் தோன்றுவது இயல்பே. சரித்திர ஆராய்ச்சியாளர்கள் இனிச் சிகரங்களின் அளவைப் பட்டியலோடு ஊற்றுகளின் பட்டியலையும் சேர்த்து வைத்துப் படிப்பார்களானால், அந்நாட்டின் பல வழக்குகளுக்கும் யுத்தங்களுக்கும் இதுவரை சொல்லப்பட்டவற்றினும் தெளிவான விளக்கம் கிடைக்கும்.